கொம்பும் துணைக்காலும்

ஒரு கணினிக்குள் ஒரு நூலகக் கோப்பு வேலை பார்த்து வந்தாள். அவளுடைய முழுப்பெயர் எழுத்தும் எண்ணும் சேர்ந்து மொத்தம் பதினேழு இருக்கும். அதை யாரும் சொல்வதில்லை. உள்ளே எல்லோருக்கும் அவள் மாற்றி.

நூலகக் கோப்பு என்றால் தானாக ஓடத் தெரியாத கோப்பு. திரையில் அதற்குப் படம் கிடையாது. யாரும் அதைச் சொடுக்கித் திறப்பதும் இல்லை. வேறொருவர் கூப்பிட்டால்தான் அதற்கு வேலை. பிரிண்டரை ஓட்டுகிற நிரலான டிரைவர், "இந்தப் பக்கத்தை அச்சுக்கு ஏற்ற மாதிரி மாற்றிக் கொடு" என்று குரல் கொடுப்பார். மாற்றி வந்து செய்து கொடுத்துவிட்டுத் தன் இடத்துக்குப் போய்விடுவாள்.

அவள் செய்த வேலை வெளியே இருந்து பார்த்தால் ஒன்றுமில்லாதது போலத் தெரியும். 'கொ' என்று ஓர் எழுத்து வருகிறது என்று வையுங்கள். கணினி அதை முதலில் க, அப்புறம் ஒரு குறி என்று வரிசையாக வைத்திருக்கும். காகிதத்தில் அப்படியே இறக்க முடியாது. குறியை இரண்டாகப் பிரிக்க வேண்டும். ஒற்றைக்கொம்பைத் தூக்கிக் கொண்டுபோய்க் க-வுக்கு முன்னால் நிறுத்த வேண்டும். துணைக்காலைப் பின்னால் விட வேண்டும். மூன்றும் ஒன்றையொன்று இடிக்காமல், விலகியும் போகாமல் நிற்கிறதா என்று பார்த்து, பிரிண்டருக்குப் புரிகிற புள்ளிகளாக உடைத்துக் கொடுக்க வேண்டும். திரைக்கு எழுத்து வரைகிறவர்கள் வேறு ஆட்கள். அந்தக் கணினியில் காகிதத்துக்கு எழுத்து வரைய மாற்றி ஒருத்திதான் இருந்தாள்.

கணினி இருந்தது ஒரு சின்ன ஊரின் பஸ் ஸ்டாண்டை ஒட்டிய ஜெராக்ஸ் கடையில். கடையை நடத்தியவள் ஜெபக்கனி. நாற்பது வயதுக்காரி, ஒரே ஆளாகக் கடையைப் பார்த்துக்கொள்கிறவள்.

ஒரு வெள்ளிக்கிழமை காலையில் ஜெபக்கனியின் பழைய பிரிண்டர் அடியோடு நின்றுபோனது. அவள் புதுப் பிரிண்டர் ஒன்றை வாங்கி வந்து பொருத்தினாள். அதோடு ஒரு புது டிரைவரும் உள்ளே வந்து சேர்ந்தார். பழைய டிரைவரை எடுத்துவிடலாமா என்று திரை கேட்டது. அவள் 'ஆம்' என்றாள்.

அடுத்த நொடியே துப்புரவு நிரல் கையில் பட்டியலோடு மாற்றியின் முன்னால் வந்து நின்றார். கணினியில் வேண்டாதவற்றை அள்ளிப்போடுவது அவருடைய உத்தியோகம்.

"கிளம்பும்மா" என்றார் அவர். "பழைய டிரைவர் போயாச்சு. அவர் சாமானெல்லாம் குப்பைத்தொட்டிக்குப் போகணும்."

"நான் அவர் சாமான் இல்லையே, ஐயா. அவர் என்னைக் கூப்பிடுவார், அவ்வளவுதான். தமிழில் அச்சடிக்கிற யாருக்கும் நான் வேண்டும்."

துப்புரவு பட்டியலைத் திருப்பிக் காட்டினார். "அவர் பேருக்குக் கீழேதான் உன் பேர் இருக்கு. எழுதினவங்க அப்படி எழுதியிருக்காங்க. நான் என்ன செய்ய?"

அவரைத் திட்டிப் பயனில்லை என்று மாற்றிக்குத் தெரிந்தது. அவர் யாருக்கும் கெட்டது நினைக்கிறவர் அல்ல. பட்டியலைத் தாண்டி யோசிக்காதவர். அவள் குப்பைத்தொட்டிக்குள் இறங்கினாள்.

உள்ளே கூட்டமாக இருந்தது. மணப்பெண்ணின் பெயரில் பிழை விழுந்த ஒரு கல்யாணப் பத்திரிகை, தலை வெட்டுப்பட்ட ஒரு பாஸ்போர்ட் போட்டோ, பாதியில் நின்றுபோன விண்ணப்பங்கள். கல்யாணப் பத்திரிகை நகர்ந்து இடம் கொடுத்தது.

"உட்காரு தாயி. இங்கே வந்தவங்க யாரும் சீக்கிரம் வெளியே போனதில்ல."

"நான் உட்கார வரல்ல" என்றாள் மாற்றி. மூடியின் ஓரத்தில் இருந்த இடுக்கில் காதை வைத்து நின்றுகொண்டாள்.

மதியம் ஒரு மணிக்குப் பொற்கொடி கடைக்குள் வந்தாள். சொக்கனேரியில் தையல் வேலை பார்க்கிறவள் அவள். அந்த ஊரில் ஒரு சின்ன சுகாதார நிலையம் இருந்தது. ஒரே அறை, ஒரு நர்ஸ். அதை மூடிவிட்டு ஒன்பது கிலோமீட்டர் தள்ளி இன்னோர் ஊருக்குக் கொண்டுபோவதாக முடிவாகியிருந்தது. ஆட்சேபம் இருப்பவர்கள் அந்த வெள்ளிக்கிழமை பகல் மூன்று மணிக்குள் அதிகாரியின் அலுவலகத்தில் பெயர்ப்பட்டியல் கொடுக்க வேண்டும். பட்டியல் தட்டச்சில் இருக்க வேண்டும். ரேஷன் கார்டில் உள்ள பெயரோடு ஒத்துப்போகாத பெயர்கள் ஏற்கப்படமாட்டா. அறிவிப்பில் இப்படித்தான் இருந்தது.

பொற்கொடி இரண்டு வாரம் வீடு வீடாக ஏறி இறங்கி இருநூற்றுப் பதினான்கு பெயர்களை வாங்கியிருந்தாள். ஜெபக்கனி அவற்றை முந்தின நாளே தட்டச்சு செய்து வைத்திருந்தாள். இனி அச்சடித்து, எடுத்துக்கொண்டு ஓட வேண்டியதுதான் பாக்கி.

"இந்தா, புது பிரிண்டர். உன் பட்டியல்தான் முதல் போணி" என்று சிரித்துக்கொண்டே ஜெபக்கனி பொத்தானை அழுத்தினாள்.

பட்டியல் புது டிரைவரின் மேசைக்குப் போனது. அவர் பெரிய ஆள். நாற்பது நாடுகளில் வேலை பார்க்கிற வகையறா. நிமிடத்துக்கு முப்பது பக்கம் என்று பெட்டியின் மேலேயே அவர் பெருமை அச்சாகியிருந்தது. பட்டியலின் முதல் பெயரைப் பார்த்தார்: கோமளம். ஒரு நொடி தயங்கினார். அந்தக் குறியை என்ன செய்வதென்று அவருக்குத் தெரியவில்லை. தன் பையைத் துழாவினார். அதற்கான கோப்பு அதில் இல்லை.

முறைப்படி அவர் செய்ய வேண்டியது ஒன்றுதான். திரையில், 'எனக்கு இன்ன கோப்பு வேண்டும், இங்கே காணோம்' என்று ஒரு வரி போட வேண்டும்.

"வந்த முதல் நாளே இல்லாததைச் சொல்லிக்கொண்டு நிற்பதா?" என்று டிரைவர் முணுமுணுத்தார். தெரியாத இடத்திலெல்லாம் ஒரு கட்டம் வரைந்து அனுப்பிவிட்டார்.

காகிதம் வெளியே வந்தது. ஒவ்வொரு பெயரிலும் கட்டம் கட்டமாக இருந்தது.

"என்னக்கா இது, சன்னல் சன்னலா இருக்கு?" என்றாள் பொற்கொடி.

"எழுத்துரு சரியில்ல போல. மாத்திப் போடுறேன்." ஜெபக்கனி எழுத்துருவை மாற்றி மறுபடியும் அனுப்பினாள்.

இந்தத் தடவை டிரைவர் ஒரு யோசனை செய்தார். கட்டம் போட்டால்தானே கண்ணில் படுகிறது? தனக்குப் புரியாத கொம்புகளை எல்லாம் எடுத்து எறிந்துவிட்டு மிச்சத்தை வரிசையாக அடுக்கி அனுப்பினார். பக்கம் பார்க்கப் பளிச்சென்று வந்தது.

"வந்துட்டுது" என்று ஜெபக்கனி காகிதத்தை நீட்டினாள். பொற்கொடி கையை நீட்டி வாங்கினாள். வாங்கியதும் முதலில் தன் பெயரைத் தேடினாள்.

"அக்கா, பாற்காடின்னு போட்டிருக்கு. யாரு பாற்காடி?"

ஜெபக்கனி காகிதத்தைப் பிடுங்கிப் பார்த்தாள். சொக்கனேரி 'சாக்கனரி' ஆகியிருந்தது. கோமளம் காமளம். தேவானை 'தவான'. சௌந்தரம் என்ற மனிதர் 'சளந்தரம்' ஆகிப்போயிருந்தார்.

"திரையில சரியாத்தானே இருக்கு!" என்றாள் ஜெபக்கனி.

"இதைக் கொண்டுபோனா எல்லாப் பேரையும் அடிச்சுவிடுவாங்க. பேரே ஒத்துப்போகலன்னு சொல்லிருவாங்க. மணி ஒண்ணே காலாச்சு." பொற்கொடி வாசல் பக்கம் எட்டிப் பார்த்தாள். "பக்கத்துக் கடையில கேட்டுப் பார்க்கவா?"

"அவங்க வீட்டுக் கல்யாணம். பூட்டியிருக்கு. அதை விட்டா டவுனுக்குத்தான் போகணும், போக வர ரெண்டு மணி நேரம்."

இவ்வளவையும் பிரிண்டர் கேட்டுக்கொண்டிருந்தது. கணினியைச் சேர்ந்தவர்களில் வெளியுலகத்தைக் காண்கிறது அது ஒன்றுதான். பாரியான உடம்பு, பொடி வைத்துப் பேசத் தெரியாத வாய்.

"டிரைவர் சார்" என்றது பிரிண்டர். "அந்தப் பொம்பள அழப் பாக்குது. நீங்க குடுத்ததெல்லாம் தப்பு."

"நான் கொடுத்தது சுத்தமான பக்கம்" என்றார் டிரைவர்.

குப்பைத்தொட்டியின் மூடி படபடவென்று தட்டப்பட்டது.

"சார்! அந்தக் கொம்பெல்லாம் அவங்க பேரு சார். எடுத்து எறியாதீங்க!"

"யாரம்மா அது?"

"மாற்றி. நீங்க தேடின கோப்பு நான்தான். என் பேரைத் திரையில போடுங்க. அந்த அம்மா என்னை எடுத்து வெளியே விடுவாங்க."

டிரைவருக்கு முகம் சிவந்தது. "குப்பைத்தொட்டியில் இருக்கிற ஒருத்தி இல்லாமல் எனக்கு வேலை நடக்காது என்று ஊருக்குச் சொல்லச் சொல்கிறாய். சொன்னால் என்ன ஆகும் தெரியுமா? பிரிண்டர் சரியில்லை என்று பெட்டியில் போட்டுக் கடைக்குத் திருப்பிக் கொடுப்பார்கள். என்னையும் தூக்கி உன் பக்கத்தில் உட்கார வைப்பார்கள்."

அது பொய்யில்லை. அப்படி நடக்கக்கூடியதுதான்.

"விட்டுத்தள்ளு தாயி" என்றது கல்யாணப் பத்திரிகை. "அவரு கேக்குற ஆளில்ல."

மாற்றி அதைக் காதில் வாங்கவில்லை. "சரி சார். என் பேரைப் போட வேண்டாம். நான் இங்கே இருந்தே சொல்றேன், நீங்க அங்கே செய்யுங்க. மூடிக்கு வெளியே கை வராது எனக்கு. குரல் வரும்."

டிரைவருக்கு வேறு வழியும் தெரியவில்லை. "சொல்லு" என்றார்.

"முதல் பேர் கோமளம். அந்தக் குறியை ரெண்டாப் பிரிங்க. இரட்டைக்கொம்பு ஒரு பக்கம், துணைக்கால் ஒரு பக்கம்."

"பிரித்தேன்."

"கொம்பைத் தூக்கி க-வுக்கு முன்னால வைங்க."

"பின்னால் வந்ததை முன்னால் வைப்பதா?"

"ஆமா சார். முன்னாலதான். இடிக்குதா பாருங்க."

"இடிக்கிறது."

"ரெண்டு புள்ளி தள்ளி வைங்க. இப்போ துணைக்கால். அதை மூணு புள்ளி கிட்டே இழுங்க. இப்ப ம, அதோட கீழ்வளைவு..."

வெளியே ஜெபக்கனி பிரிண்டரின் ஒயரைப் பிடுங்கிச் செருகினாள், மூடியைத் திறந்து மூடினாள், மையை எடுத்துக் குலுக்கினாள். உள்ளே இரண்டு பேரும் ஒவ்வோர் எழுத்தாக நகர்ந்தார்கள். நிமிடத்துக்கு முப்பது பக்கம் ஓடுகிற டிரைவர் ஒரு பெயருக்கு நாலு நிமிடம் எடுத்துக்கொண்டார். மாற்றியின் குரல் கரகரத்துப் போனது. நிறுத்தவில்லை. கோமளம் முடிந்து தேவானை, தேவானை முடிந்து சோலையம்மா.

சௌந்தரத்தின் பெயரில் டிரைவர் மூன்று தடவை சறுக்கினார். கொம்பு ஒரு பக்கம் சாய்ந்தது, பின்னால் வர வேண்டிய சிறகு மாதிரி குறி அடுத்த எழுத்தின்மேல் ஏறியது. நான்காவது தடவை எல்லாம் பொருந்தி நின்றபோது அவர் அந்தப் பெயரைச் சற்று நேரம் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"மாற்றி" என்றார். முதல் தடவையாகப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். "ஒரு பட்டியலுக்கு எத்தனை தடவை இதைச் செய்வாய்?"

"இந்தப் பட்டியலில் ஆயிரத்துக்கு மேல வரும் சார்."

"எவ்வளவு நேரத்தில்?"

"நேரில் இருந்தால் நீங்க பேர் கூப்பிட்டு முடிக்கிறதுக்குள்ள முடிஞ்சிரும். இப்போ அடுத்த பேர் லோகாம்பாள். குறியைப் பிரிங்க."

டிரைவர் குறியைப் பிரிக்கவில்லை. பிரிண்டரைப் பார்த்து, "மணி என்ன?" என்று கேட்டார்.

"ரெண்டு அடிக்கப் போவுது" என்றது பிரிண்டர். "ஒம்பது பேர் முடிச்சிருக்கீங்க."

"இன்னும் இருநூற்று ஐந்து பேர்" என்றார் டிரைவர். பிறகு தன் மேசையில் இருந்த வேலையை நிறுத்திவிட்டு, திரைக்குப் போகிற வாசலுக்கு எழுந்து நடந்தார்.

"சார், திருப்பி அனுப்பிட்டாங்கன்னா?" என்று பிரிண்டர் பின்னாலிருந்து கேட்டது.

"அனுப்பினால் போகிறேன். இனி ஒரு பேரையும் நான் தப்பாகத் தரமாட்டேன்."

திரையில் ஒரு வெள்ளைக் கட்டம் எழுந்தது. அதில் இருந்தது ஒரே ஒரு செய்தி: இந்தக் கோப்பு இல்லாமல் என்னால் இந்தப் பட்டியலை அச்சிட முடியாது. அதற்குக் கீழே மாற்றியின் முழுப்பெயர், பதினேழும் விடாமல்.

ஜெபக்கனிக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. "பாத்தியா, இப்ப சுத்தமா முடியாதுங்குது! காலையில வாங்கினது. நான் இதை இப்பவே திருப்பிக் கொடுத்துட்டு வாரேன்." பிரிண்டரின் ஒயர்மேல் கை வைத்துவிட்டாள்.

பொற்கொடி திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "அக்கா, நில்லுங்க. முன்னாடி ரெண்டு தடவையும் ஒண்ணுமே சொல்லல. இப்ப ஏதோ பேர் போட்டுக் கேக்குது."

"அது என்னமோ கம்ப்யூட்டர் பேரு."

"கம்ப்யூட்டர் பேரா இருந்தா என்ன? ஒரு ஆளைக் கேட்டா முதல்ல ஆள் இருக்கான்னு தேடித்தானே பாக்கணும். ரெண்டு வாரமா நான் அதைத்தானே செஞ்சேன்? தேடுங்கக்கா. நான் எழுத்தெழுத்தா சொல்றேன், நீங்க அடிங்க."

ஜெபக்கனி நாற்காலியில் உட்கார்ந்தாள். பொற்கொடி திரையில் விரலை வைத்து ஒவ்வொன்றாகப் படித்தாள். ஒரு வெளி ஆள் மாற்றியின் முழுப்பெயரையும் சொல்லி அழைத்தது அதுதான் முதல் தடவை. மாற்றி மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

கணினி தேடியது. ஒரே ஓர் இடத்தில் இருப்பதாகச் சொன்னது.

"அட, குப்பைத்தொட்டியில கிடக்கு!" என்றாள் ஜெபக்கனி. "காலையில நானே போட்டிருக்கேன்."

தொட்டி திறந்தது. வெளிச்சம் உள்ளே பாய்ந்தது. 'காலி செய்', 'மீட்டெடு' என்று இரண்டு பொத்தான்கள் அடுத்தடுத்து நின்றன. துப்புரவு நிரல் பட்டியலும் கையுமாக வந்து தயாராக நின்றார். ஜெபக்கனியின் மவுஸ் அம்பு முதல் பொத்தானின் மேல் ஒரு கணம் நின்றது. பிறகு விலகி அடுத்ததன்மேல் இறங்கியது.

"போயிட்டு வாரேன்" என்றாள் மாற்றி கல்யாணப் பத்திரிகையிடம்.

"போ தாயி. போனதும் வேலையைப் பாரு, திரும்பிப் பாக்காதே."

துப்புரவு தன் பட்டியலில் அவள் பெயரை அடித்தார். "நல்லபடியா இரும்மா" என்று சொல்லவும் செய்தார்.

மாற்றி டிரைவரின் மேசைக்கு வந்து சேர்ந்தபோது இரண்டு மணி எட்டு நிமிடம். தொண்டை எரிந்தது. டிரைவர் எழுந்து நின்றார்.

"மன்னிப்புக் கேட்க நேரமில்லை" என்றார்.

"வேண்டாம் சார். பேரைக் கூப்பிடுங்க."

அவர் கூப்பிட்டார். அவள் பிரித்தாள், தூக்கினாள், வைத்தாள், சேர்த்தாள், புள்ளியாக உடைத்தாள். கோமளம். தேவானை. சோலையம்மா. சௌந்தரம். லோகாம்பாள். பெரியசெல்வி. மொட்டையன். பொன்னுத்தாய். கொம்பு ஒன்றும் கீழே விழவில்லை. பிரிண்டர் மூச்சு வாங்க ஏழு பக்கங்களையும் ஒன்றன்பின் ஒன்றாக வெளியே தள்ளியது.

பொற்கொடி எல்லாப் பக்கத்தையும் விரல் வைத்து ஓட்டிப் பார்த்தாள். ஓரிடத்தில் விரல் நின்றது. "பொற்கொடி" என்று தன் பெயரை வாய்விட்டுப் படித்தாள். ஜெபக்கனி கடையின் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு ஸ்கூட்டரை எடுத்தாள். "ஏறு. இருபது நிமிஷத்துல கொண்டு விடுறேன்."

அவர்கள் போன பிறகு கடை அமைதியாகிவிட்டது. என்ன ஆயிற்றென்று கணினிக்குள் யாருக்கும் தெரியவில்லை. சனிக்கிழமை வேறு வேலைகள் வந்தன: ஆதார் நகல், ஒரு வாடகை ஒப்பந்தம், கோயில் கொடைக்கு ஒரு நோட்டீஸ். டிரைவர் கூப்பிட்டபோதெல்லாம் மாற்றி போனாள். திரும்பி வரும்போதெல்லாம் பிரிண்டரிடம், "ஏதாவது தெரிஞ்சதா?" என்று கேட்டாள். "ஒண்ணும் இல்ல" என்றது பிரிண்டர்.

திங்கட்கிழமை பதினோரு மணிக்குப் பொற்கொடி வந்தாள். பிரிண்டர் கேட்டதை எல்லாம் உள்ளே சொன்னது.

இரண்டே முக்கால் மணிக்குப் பட்டியலைக் கொடுத்திருக்கிறாள். அதிகாரி அங்கேயே வைத்து ஒவ்வொரு பெயரையும் கார்டோடு ஒத்துப் பார்க்கச் சொல்லியிருக்கிறார். ஒரு பெயரையும் அடிக்க இடம் கிடைக்கவில்லை. சுகாதார நிலையம் இப்போதைக்கு அங்கேயே இருக்கும். நேரில் வந்து விசாரித்த பிறகுதான் முடிவு. விசாரணை வியாழக்கிழமை. அதற்குள் கூடுதல் பெயர் இருந்தால் கொடுக்கலாமாம்.

"இருக்கா?" என்று மாற்றி அவசரமாகக் கேட்டாள்.

"இருக்காம். நமக்கு எதுக்கு வம்புன்னு முன்னாடி கதவைச் சாத்தினவங்கள்ல பாதிப் பேரு இப்ப அவங்களாவே வந்து பேர் சொல்லியிருக்காங்க. முப்பத்தாறு பேர்" என்றது பிரிண்டர்.

ஜெபக்கனி உட்கார்ந்து தட்டச்சு செய்தாள். முப்பத்தாறும் முடிந்ததும் பொத்தானை அழுத்தப் போனவள் கையை எடுத்தாள்.

"பொற்கொடி, எங்க ஊரு உங்களுக்கு அடுத்த ஊருதானே? எங்க ஆளுங்களும் அந்த நர்ஸம்மாகிட்டதானே வாராங்க?"

"ஆமாக்கா. போன வாரமே உங்ககிட்ட கேக்கணும்னு நெனச்சேன். கடைக்காரங்களை எதுக்கு இழுக்கணும்னு விட்டுட்டேன்."

ஜெபக்கனி விசைப்பலகைக்குத் திரும்பினாள். முப்பத்தேழு என்று எண் போட்டு இன்னும் ஒரு வரி அடித்துவிட்டுத்தான் பொத்தானை அழுத்தினாள்.

டிரைவர் பட்டியலை வாங்கி மாற்றியை அழைத்தார். வரிசையாகப் பெயர்களைக் கூப்பிட்டுக்கொண்டே வந்தவர் கடைசிப் பெயருக்கு முன்னால் நிறுத்தினார்.

"இது யாரென்று தெரிகிறதா?"

மாற்றி எட்டிப் பார்த்தாள். எத்தனையோ பேருடைய பெயரை அடித்துக் கொடுத்த அந்த விரல்கள், தங்கள் சொந்தப் பெயரை அதுவரை எந்தக் காகிதத்துக்கும் அனுப்பியதில்லை.

"தெரியுது சார்" என்றாள். "நிதானமாக் கூப்பிடுங்க. முதல் எழுத்திலேயே கொம்பு இருக்கு."